கையெழுத்து மட்டும்தான் என்னுதுங்க: ஒரு திருப்பூர் செக் கேஸில் விடுதலை கவிழ்ந்த விதம்

செக் கேஸ் சம்மனைக் கையில் வைத்துக்கொண்டு என் மேசைக்கு எதிரே உட்காருகிறவர்கள் பெரும்பாலும் ஒரே வரியில்தான் ஆரம்பிப்பார்கள். "ஏனுங்கண்ணா, கையெழுத்து மட்டும்தானுங்க என்னுது. தொகை, தேதி, பேரு எல்லாம் அவிங்களா எழுதிக்கிட்டதுங்க." சொல்லி முடித்ததும் முகத்தில் ஒரு நிம்மதி தெரியும், கேஸே முடிந்துபோனது மாதிரி. அந்த ஒரு வரியிலேயே அவர் தன் வழக்கில் பாதியை எதிர்த்தரப்புக்கு எழுதிக் கொடுத்துவிட்டார் என்பதை எப்படிச் சொல்வது என்று நான் யோசித்துக்கொண்டிருப்பேன்.

நூல் கடை, டையிங், சீட்டு, பைனான்ஸ் என்று எங்கே கணக்கு வைத்தாலும் இரண்டு வெற்றுக் காசோலையில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்து வைப்பது இந்த ஊர்ப் பழக்கம். ஈரோட்டு ஜவுளிக் கடைகளிலும், கரூர் டெக்ஸ் கம்பெனிகளிலும், பல்லடத்துக் கோழிப்பண்ணைகளிலும் இதே கதைதான். அதனால் அப்படி வருகிறவர்களுக்குத் திருப்பூரிலேயே பிறந்த ஒரு வழக்கைச் சொல்வேன். சட்ட இதழ்களில் அதற்குக் கலாமணி டெக்ஸ் வழக்கு என்று பெயர். நடுவர் (மாஜிஸ்திரேட்) நீதிமன்றத்தில் எதிரிகளுக்கு விடுதலை. சென்னை உயர் நீதிமன்றத்தில் அதே எதிரிகள் குற்றவாளிகள். 2021 பிப்ரவரி 10 அன்று உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் என்.வி. ரமணா, சூர்ய காந்த், அனிருத்த போஸ் அமர்வு உயர் நீதிமன்றம் சொன்னதே சரி என்றது. (கோர்ட் தமிழில் குற்றம் சாட்டப்பட்டவரை 'எதிரி' என்போம். சண்டைக்காரர் என்று அர்த்தமில்லை.)

ஒரு விடுதலைத் தீர்ப்பை மேல் நீதிமன்றம் எப்போது தொடும், எப்போது தொடாது என்பதற்குக் கொங்கு நாட்டிலேயே கிடைக்கிற நல்ல பாடம் இந்த வழக்கு. ஆனால் இதை அப்படியே எடுத்துக் கொலை வழக்கில் பொருத்திவிடக் கூடாது. ஏன் என்பதற்குப் பின்னால் வருகிறேன்.

நடந்தது என்ன

இரண்டு தரப்பும் சேர்ந்து பிரான்ஸுக்குப் பின்னலாடை ஏற்றுமதி செய்வதாகப் பேச்சு. ஒரு பக்கம் ஏற்றுமதி நிறுவனம் ஒன்றின் உரிமையாளர், அவர்தான் பின்னால் முறையீட்டாளர், அதாவது செக் கேஸ் போட்டவர், ஆனவர். இன்னொரு பக்கம் கூட்டு நிறுவனமான கலாமணி டெக்ஸும் அதன் நிர்வாகப் பங்குதாரரும். உற்பத்தியில் தாமதம் ஆனது. திருப்பூர்க்காரர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டாம். கப்பலில் போக வேண்டிய சரக்கு தாமதமானால் விமானத்தில் ஏற்ற வேண்டும், இல்லை என்றால் பையர் விலையைக் குறைப்பார், அதுவும் இல்லை என்றால் பணம் வராமல் நிற்கும். எப்படிப் போனாலும் ஒருவர் தலையில் நஷ்டம் இறங்கும். அந்த நஷ்டத்தை யார் தாங்குவது என்பதில்தான் பாதிச் சண்டை வரும்.

இங்கே அந்தச் சண்டைக்கு ஒரு தொகை விழுந்தது: 11 லட்சத்து 20 ஆயிரம் ரூபாய். 2000 நவம்பர் 7 அன்று அந்தத் தொகைக்கு ஒரு காசோலை. அதே தேதியில் ஓர் உறுதிமொழிப் பத்திரம், நிர்வாகப் பங்குதாரர் தொகையைக் கொடுப்பதாக ஒப்புக்கொண்டு. டிசம்பர் கடைசியில் காசோலை வங்கிக்குப் போனது. கணக்கில் போதிய பணம் இல்லை என்று திரும்பியது. ஜனவரியில் வக்கீல் நோட்டீஸ் போனது. எதிர்த்தரப்பும் பதில் நோட்டீஸ் கொடுத்தது.

அந்தப் பதிலில்தான் மொத்த வழக்கும் இருக்கிறது. கையெழுத்தை அவர்கள் மறுக்கவில்லை. முறையீட்டாளர்மீது கோயமுத்தூர்த் தீர்ப்பாயத்தில் ஏதோ கடன் மீட்பு வழக்கு நடந்ததாம். அவருக்கு உதவியாக இருக்கட்டும் என்று வெற்றுக் காசோலையும், கையெழுத்துப் போட்ட வெற்று முத்திரைத்தாள்களும் கொடுத்தோம். அவற்றை நிரப்பி எங்கள்மீதே திருப்பிவிட்டார். இதுதான் அவர்கள் தரப்பு.

நம்பவே முடியாத கதை என்று நான் சொல்ல மாட்டேன். இந்த ஊரில் நட்புக்காகக் கையெழுத்துப் போட்டு மாட்டிக்கொண்டவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். ஆனால் நடந்திருக்கலாம் என்பதும், நடந்ததாகக் கோர்ட்டில் காட்டுவதும் வேறு வேறு.

நடுவர் எங்கே தடுமாறினார்

திருப்பூர் நடுவர் நீதிமன்றம் எதிரிகளை விடுதலை செய்தது. சுருக்கமாகச் சொன்னால், எதிரிகள் இந்தப் பணத்தைக் கொடுக்கக் கடமைப்பட்டது எப்படி என்பதை முறையீட்டாளர் சரியாக விளக்கவில்லை என்பதுதான் காரணம். சாதாரணக் குற்ற வழக்கில் இப்படி எழுதினால் குறை சொல்ல முடியாது. குற்றம் சொல்கிறவர்தான் மெய்ப்பிக்க வேண்டும் என்பது சட்டக் கல்லூரி முதலாண்டுப் பாடம்.

ஆனால் இது மாற்றுமுறை ஆவணச் சட்டம் பிரிவு 138-இன் கீழ், அதாவது கணக்கில் பணம் இல்லாமல் காசோலை திரும்புவதைக் குற்றமாக்கும் பிரிவின் கீழ், வரும் வழக்கு. 1881-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 1988-இல் செருகி, 1989 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த பிரிவு. கூடவே 139 வந்தது. காசோலையை வைத்திருப்பவர் அதை ஒரு கடனுக்கோ பொறுப்புக்கோ வாங்கினார் என்று நீதிமன்றம் அனுமானிக்க வேண்டும், மாறாக மெய்ப்பிக்கப்படும்வரை. பிரிவு 118 முன்பே இருந்தது. ஆவணத்துக்குக் கைம்மாறு (அதற்குப் பதிலாகக் கிடைத்த பணமோ பொருளோ) உண்டு, அதிலுள்ள தேதி சரியான தேதி என்பது போன்ற அனுமானங்களை அது தருகிறது. இந்த இரண்டிலும் சட்டம் 'அனுமானிக்கலாம்' என்று விருப்பத்துக்கு விடவில்லை, 'அனுமானிக்க வேண்டும்' என்கிறது.

அப்படியானால் கையெழுத்து ஒப்புக்கொள்ளப்பட்ட நிமிடமே சுமை தோள் மாறிவிடுகிறது. முறையீட்டாளரைக் கூண்டில் நிறுத்தி "எதுக்குப் பணம் வரணும், சொல்லு" என்று கேட்கும் கட்டம் தாண்டிப்போய்விட்டது. "எதுக்குக் கையெழுத்துப் போட்டே" என்று எதிரியைக் கேட்கும் கட்டம் வந்துவிட்டது. நடுவர் இந்த மாற்றத்தைக் கவனிக்காமல் பழைய தோளிலேயே சுமையை வைத்துத் தீர்ப்பு எழுதிவிட்டார். உச்ச நீதிமன்றம் பின்னால் சுட்டிக்காட்டியதும் இதைத்தான்: 118, 139 பிரிவுகளின் அனுமானத்தை விசாரணை நீதிமன்றம் முற்றிலும் கவனிக்காமல் விட்டது, பொறுப்பு எப்படி வந்தது என்று முறையீட்டாளரிடம் விளக்கம் கேட்டது தவறு.

விடுதலையைத் தொடுவது எப்போது

சரி, நடுவர் தவறு செய்தார். ஆனால் தவறு என்று தோன்றினாலே மேல் நீதிமன்றம் விடுதலையைக் கலைத்துவிட முடியுமா? இங்கேதான் எண்பது, தொண்ணூறு ஆண்டுத் தீர்ப்பு வரிசை ஒன்று குறுக்கே நிற்கிறது.

1934-இல், அன்று இந்திய வழக்குகளுக்கும் கடைசி நீதிமன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் ஷியோ ஸ்வரூப் வழக்கில் சொன்னதிலிருந்து ஆரம்பிக்கலாம். விடுதலையை எதிர்த்த மேல்முறையீட்டில் உயர் நீதிமன்றத்துக்குச் சாட்சியம் முழுவதையும் மறுபடி பார்க்கும் அதிகாரம் உண்டு. சட்டத்தில் அதற்கு வரம்பு எதுவும் எழுதப்படவில்லை. ஆனால் நான்கு விஷயங்களுக்கு உரிய மதிப்புக் கொடுத்த பிறகே முடிவுக்கு வர வேண்டும். சாட்சிகளின் நம்பகத்தைப் பற்றி விசாரணை நீதிபதி என்ன நினைத்தார். எதிரி நிரபராதி என்ற அனுமானம், விடுதலை கிடைத்ததால் அது குறைந்துவிடாது. சந்தேகத்தின் பலனைக் கேட்கும் எதிரியின் உரிமை. சாட்சியை நேரில் பார்த்த நீதிபதியின் முடிவைப் பார்க்காதவர் கலைக்கத் தயங்க வேண்டும் என்பது.

சுதந்திரத்துக்குப் பிறகு உச்ச நீதிமன்றத்தில் கொஞ்ச காலம் வார்த்தைகள் கனமாயின. 'வலுவான, கட்டாயமான காரணங்கள்' இருந்தால் மட்டுமே தொடலாம் என்ற பேச்சு வந்தது. 1961-இல் சன்வத் சிங் வழக்கில் அந்தக் கனத்தை ஓரளவு இறக்கி வைத்தார்கள். 2007-இல் சந்திரப்பா எதிர் கர்நாடக அரசு வழக்கில் எல்லாவற்றையும் ஒரு ஒழுங்குக்குக் கொண்டுவந்தார்கள். அந்தக் கனமான சொற்களெல்லாம் மொழி அலங்காரம்தான், மேல்முறையீட்டு அதிகாரத்தை அவை குறைத்துவிடாது. ஆனால் விடுதலை கிடைத்த எதிரிக்கு நிரபராதி என்ற அனுமானம் இரட்டிப்பாகிறது: முதலில் எல்லோருக்கும் இருப்பது, இரண்டாவது நீதிமன்றமே உறுதி செய்தது. சாட்சியத்திலிருந்து நியாயமான இரண்டு முடிவுகளுக்கு இடம் இருந்தால், விசாரணை நீதிமன்றம் எடுத்ததைக் கலைக்கக் கூடாது.

கலாமணி டெக்ஸ் தரப்பு இந்தக் கடைசி வரியைத்தான் பிடித்துக்கொண்டது. இரண்டு பார்வைக்கு இடம் இருந்தது, நடுவர் ஒன்றை எடுத்தார், உயர் நீதிமன்றத்துக்கு அதில் என்ன வேலை என்று. வாதம் கேட்க நன்றாக இருக்கிறது. உச்ச நீதிமன்றமும் விதியை ஒப்புக்கொண்டது. வேறு கருத்து இருக்கிறது என்பதற்காக மட்டும் விடுதலையைக் கலைக்க முடியாது என்றே எழுதியது. ஆனால் வெளிப்படையான சட்டப் பிழை, பெரும் நீதிப் பிறழ்வு, சாட்சியத்துக்கே ஒவ்வாத முடிவு, இவற்றில் ஏதாவது இருந்தால் உயர் நீதிமன்றம் தலையிடலாம் என்றும் கூடவே எழுதியது. இந்த வழக்கில் இருந்தது முதல் வகை.

என் பார்வையில் வழக்கின் முடிச்சு இதுதான். இரண்டு பார்வை என்பது சாட்சியத்தைப் பற்றியது. ஒரே சாட்சியை ஒரு நீதிபதி நம்பலாம், இன்னொருவர் நம்பாமல் போகலாம். அங்கே பார்த்தவர் சொல்லுக்கே மரியாதை. சுமை யார் தோளில் என்பதில் இரண்டு பார்வை கிடையாது. அது சட்டம், ஒரே பதில்தான். தராசின் முள்ளைப் படிப்பதில் இரண்டு பேருக்கு வித்தியாசம் வரலாம். எடைக்கல்லைத் தப்பான தட்டில் வைத்துவிட்டு முள்ளைப் படித்தால் அந்த எடைக்கு மதிப்பே இல்லை. அதிலும் செக் கேஸில் சாட்சி என்று நிற்பவை பெரும்பாலும் காகிதங்கள்: காசோலை, வங்கி மெமோ, நோட்டீஸ், பத்திரம். கூண்டில் நின்றவர் முகம் வியர்த்ததா, குரல் தடுமாறியதா என்பதற்கு இங்கே பெரிய வேலை இல்லை. அதனால் நேரில் பார்த்த நீதிபதி என்ற அனுகூலமும் மெலிந்துவிடுகிறது.

உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும்

2017 நவம்பர் 9 அன்று சென்னை உயர் நீதிமன்றம் விடுதலையை ரத்து செய்து, மூன்று மாத வெறுங்காவலும் 5,000 ரூபாய் அபராதமும் விதித்தது. நோட்டீஸ் போனதிலிருந்து கணக்குப் பார்த்தால் பதினேழு ஆண்டுக்குச் சற்றுக் குறைவு. காசோலை எழுதியபோது திருப்பூர் கோவை மாவட்டத்தில் இருந்தது. தனி மாவட்டம் ஆனதே 2009-இல்தான்.

உச்ச நீதிமன்றத்துக்குப் போகவும் எதிரிகளுக்கு நேரான உரிமை இல்லை. விடுதலையைக் கவிழ்த்து உயர் நீதிமன்றம் மரண தண்டனையோ ஆயுளோ பத்தாண்டோ அதற்கு மேலோ கொடுத்தால்தான் அங்கே மேல்முறையீடு உரிமையாகக் கிடைக்கும். மூன்று மாதத்துக்குச் சிறப்பு அனுமதி கேட்டுத்தான் உள்ளே போக வேண்டும். இது எனக்கு எப்போதும் உறுத்துகிற இடம். முதல்முறையாகக் குற்றவாளி என்று எழுதப்பட்ட ஒருவருக்கு, அந்தத் தீர்ப்பை இன்னொரு நீதிமன்றம் ஒருமுறையாவது பார்க்கும் என்ற உரிமை இருக்க வேண்டாமா? தண்டனை சின்னது என்பதால் களங்கமும் சின்னதா?

அங்கே எதிரிகள் தங்கள் தரப்பு சாட்சி ஒருவரைப் பெரிதாக நம்பினார்கள். அவர் சொன்னது என்ன? முறையீட்டாளருக்கு வங்கியில் கடன் எல்லை தாண்டியிருந்தது, கணக்கைச் சரிசெய்யாததால் கடன் மீட்பு நடவடிக்கை வந்தது. அவ்வளவுதான். அவர் வங்கிக்குக் கடன்பட்டவர் என்பதால் நீங்கள் அவருக்குக் கடன்படாதவர் ஆகிவிட முடியாது. நீதிமன்றமும் அந்தச் சாட்சியம் எதிரிகளின் பொறுப்பை மறுக்கவில்லை என்று ஒதுக்கியது. உறுதிமொழிப் பத்திரத்தைப் பற்றி எதிரிகள் சொன்னது வெறும் மறுப்பு. கையெழுத்தை ஒப்புக்கொண்டு பத்திரத்தை மட்டும் மறுத்தால் அது எடுபடாது.

அப்புறம்தான் என் கட்சிக்காரர்கள் அத்தனை பேரும் கேட்க வேண்டிய பகுதி. எதிரிகள் சொல்வதை அப்படியே ஏற்றுக்கொண்டாலும், கொடுத்தது வெற்றுக் காசோலையும் வெற்று முத்திரைத்தாளும்தான் என்றே வைத்துக்கொண்டாலும், சட்டத்தின் அனுமானம் அழிந்துவிடாது. இதற்கு 2019-இன் பீர் சிங் எதிர் முகேஷ் குமார் தீர்ப்பைத் துணைக்கு எடுத்தார்கள்: மனமொப்பிக் கையெழுத்திட்டு ஏதோ ஒரு தொகைக்காகக் கொடுத்த வெற்றுக் காசோலைக்கும் 139 பொருந்தும். நிரப்பியது யார் என்பதல்ல கேள்வி.

காசோலையைக் கொடுத்தவர் கை முழுக்கக் கட்டிப்போடப்பட்டிருக்கிறது என்று இதற்கு அர்த்தமில்லை. அனுமானத்தை உடைக்க, சந்தேகத்துக்கு அப்பாற்பட்டு மெய்ப்பிக்க வேண்டியதில்லை. சிவில் வழக்கு அளவு போதும், இப்படி நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் சரி. தானே கூண்டேற வேண்டும் என்றும் கட்டாயமில்லை. முறையீட்டாளரைக் குறுக்கு விசாரணை செய்தே உடைத்தவர்கள் உண்டு.

கவிழ்த்ததே கவிழ்ந்த வழக்கு

அதற்கு உதாரணம் கர்நாடகத்துப் பசலிங்கப்பா வழக்கு. ஓய்வுபெற்ற பேருந்து நடத்துனர் ஒருவர் 6 லட்ச ரூபாய் கைமாற்றுக் கொடுத்ததாகவும் அதற்குக் காசோலை வாங்கியதாகவும் வழக்கு. அதே காலத்தில் அவர் வேறு பலருக்கும், வேறு வேலைகளுக்கும் லட்சக்கணக்கில் கொடுத்தது தெரியவந்தது. இவ்வளவு பணம் எங்கிருந்து வந்தது என்று எதிரி கேட்டார். பதில் சரியாக வரவில்லை. விசாரணை நீதிமன்றம் விடுதலை செய்தது, உயர் நீதிமன்றம் கவிழ்த்துத் தண்டித்தது, 2019 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் விடுதலையைத் திரும்பக் கொடுத்தது.

இரண்டு வழக்குகளையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டிலும் கையெழுத்து உண்டு, இரண்டிலும் அனுமானம் உண்டு. பசலிங்கப்பாவில் எதிரி முறையீட்டாளரின் கையிருப்பையே கேள்வியாக்கி அனுமானத்தில் ஓட்டை போட்டார். அந்த ஓட்டையைப் பார்த்து விசாரணை நீதிபதி முடிவு செய்தார். அது நியாயமான ஒரு பார்வை, அதைக் கலைக்க முடியாது. திருப்பூர் வழக்கில் ஓட்டையே விழவில்லை. விழுந்ததா என்று நடுவர் பார்க்கவும் இல்லை. மேலே தேதிக்குத் தேதி ஒத்துப்போகும் ஒரு பத்திரமும் இருந்தது. கைமாற்றுக் கேஸில் உதவும் 'பணம் எங்கே இருந்தது' என்ற கேள்வி, நஷ்டக் கணக்குக்குக் கொடுத்த காசோலையில் உதவாது. நம் ஊர் வக்கீல்கள் எல்லா செக் கேஸிலும் வருமான வரிக் கணக்கைக் கேட்டுக் குறுக்கு விசாரணை செய்வதைப் பார்க்கும்போது இது நினைவுக்கு வரும்.

முன்பு சொன்ன எச்சரிக்கை

கொலை வழக்கில் 139 மாதிரி எந்தத் தூணும் இல்லை. அங்கே சுமை கடைசிவரை அரசுத் தரப்பின் தோளில்தான். அதனால்தான் விடுதலையை எதிர்த்த மேல்முறையீடுகள் அங்கே பெரும்பாடு படுகின்றன. கொங்கு நாடே பேசிய இரண்டு வழக்குகளைப் பாருங்கள். உடுமலைப்பேட்டை சங்கர் கொலை வழக்கில் 2017 டிசம்பரில் திருப்பூர் நீதிமன்றம் ஆறு பேருக்குத் தூக்கு விதித்து மூன்று பேரை விடுவித்தது. அந்த மூவரின் விடுதலையை எதிர்த்து வந்த மேல்முறையீட்டை 2020 ஜூன் 22 அன்று உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது; அதோடு தூக்கு விதிக்கப்பட்ட ஒருவரையும் விடுவித்து, மற்ற ஐவரின் தண்டனையை ஆயுளாகக் குறைத்தது. கோகுல்ராஜ் கொலை வழக்கில் 2023 ஜூனில் முக்கிய எதிரியின் ஆயுள் தண்டனையை உறுதி செய்த அதே உயர் நீதிமன்றம், கீழே விடுதலையான ஐந்து பேரின் விடுதலையைத் தொடவில்லை. அந்த முடிவுகள் எல்லோருக்கும் பிடிக்கவில்லை, தெரியும். ஆனால் சந்திரப்பாவின் 'இரண்டு பார்வை' விதி முழுப் பலத்தோடு வேலை செய்வது இப்படிப்பட்ட இடத்தில்தான்.

செக் கேஸில் விடுதலையான ஒருவர், ஊர் முழுக்கக் கெடா வெட்டி விருந்து வைத்தார். மேல்முறையீட்டில் என்ன ஆகும் என்று கேட்டபோது, "கொலைக் கேஸ்லயே ஒண்ணும் ஆகறதில்லீங்க, இது என்னங்க செக்கு" என்றார். கணக்கு நேர்மாறு என்று அவருக்குப் புரியவைக்க முடியவில்லை.

எந்த வாசலில் தட்டுவது

கலாமணி டெக்ஸ் காலத்தில், தனிப்புகார் வழக்கில் (போலீஸ் இல்லாமல் ஒருவர் நேராகக் கோர்ட்டில் கொடுக்கும் வழக்கு) விடுதலை என்றால் குற்றவியல் நடைமுறைச் சட்டம் 378(4)-இன்படி உயர் நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி கேட்டுத்தான் மேல்முறையீடு. அறுபது நாள் கெடு. திருப்பூர், கோவை, ஈரோடு, சேலம், நாமக்கல்காரர்கள் சென்னைக்குப் போக வேண்டும். கரூர்க்காரர்கள் மதுரைக் கிளைக்கு. நாற்பதாயிரம் ரூபாய்க் காசோலைக்கு ரயில் ஏறி, சென்னையில் ஒரு வக்கீல் பிடித்து, யார் போவார்கள்? பலர் விட்டுவிட்டார்கள்.

2009 டிசம்பர் 31 முதல் அதே சட்டத்தின் 372-ஆம் பிரிவில் ஒரு காப்புரை (கூடுதல் விதி) சேர்ந்தது: பாதிக்கப்பட்டவர் விடுதலையை எதிர்த்து மேல்முறையீடு செய்யலாம். அதற்கு முன்னனுமதி வேண்டாம் என்று 2018 அக்டோபரில் மல்லிகார்ஜுன் கோடகலி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. செக் கேஸ் முறையீட்டாளர் 'பாதிக்கப்பட்டவர்' ஆவாரா என்பது மட்டும் நெடுநாள் இழுபறி. 2025 ஏப்ரல் 8 அன்று, தமிழ்நாட்டிலிருந்தே போன செலஸ்டியம் ஃபைனான்ஷியல் வழக்கில், ஆவார் என்று தீர்ந்தது. இனி நடுவர் விடுதலை செய்தால் மாவட்டத்து அமர்வு நீதிமன்றத்திலேயே, அனுமதி கேட்காமல் மேல்முறையீடு போடலாம். குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த இப்போதைய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது பிரிவு 413. பழைய 378 அங்கே 419.

ஒரு பொறி இருக்கிறது. மேல்முறையீட்டுக்குப் பதில் சீராய்வு மனு (கீழ் நீதிமன்றம் செய்தது சரியா என்று பார்க்கச் சொல்லும் மனு) போட்டுவிட்டு, விடுதலையைத் தண்டனையாக மாற்றிக் கேட்பார்கள். முடியாது. பழைய 401(3) அதை நேராகவே தடுக்கிறது. 2022 ஜனவரியில் ஜோசப் ஸ்டீபன் வழக்கில், இப்படிச் சீராய்வில் சென்னை உயர் நீதிமன்றம் கொடுத்த தண்டனையை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. சீராய்வில் அதிகபட்சம் விடுதலையை ரத்து செய்து மறுவிசாரணைக்கு அனுப்பலாம்.

கேட்காமல் விட்டது

கடைசியில் யாருக்கு என்ன கிடைத்தது? எதிரிகள் உச்ச நீதிமன்றத்துக்கு வந்த ஆரம்பத்திலேயே காசோலைத் தொகையை அதன் பதிவகத்தில் கட்டியிருந்தார்கள். அதைக் கணக்கில் எடுத்து, குற்றவாளிகள் என்ற முடிவை அப்படியே வைத்துக்கொண்டு, மூன்று மாதச் சிறையை மட்டும் அனுபவிக்க வேண்டாம் என்று தளர்த்தினார்கள். முறையீட்டாளருக்கு அந்த 11.20 லட்சம்.

அவர் இழப்பீடும் கேட்டார். பொதுவாக இப்படிப்பட்ட வழக்கில் காசோலைத் தொகையைப்போல் இரண்டு மடங்குவரை அபராதமும், ஆண்டுக்கு 9 விழுக்காடு தனி வட்டியும் ஒரே சீராகப் போட வேண்டும் என்ற கோட்பாட்டை நீதிமன்றமே அந்தத் தீர்ப்பில் எடுத்துச் சொன்னது. சொல்லிவிட்டு, இவருக்குக் கிடையாது என்றது. உயர் நீதிமன்றத்தில் இழப்பீடு கேட்கவில்லை. உயர் நீதிமன்றம் கொடுக்காததை எதிர்த்து மேலே வரவும் இல்லை. கொடுத்ததை ஏற்றுக்கொண்டவர் ஆகிவிட்டார்.

நான் கால்குலேட்டரில் போட்டுப் பார்த்தேன். 11.20 லட்சத்துக்கு 9 விழுக்காடு தனி வட்டி ஆண்டுக்கு 1,00,800 ரூபாய். 2000 நவம்பரிலிருந்து 2021 பிப்ரவரிவரை இருபது ஆண்டு என்று வைத்தால் 20 லட்சத்து 16 ஆயிரம். அசலைப்போல் ஏறக்குறைய இரண்டு மடங்கு, என்ன வேண்டும் என்று கேட்கும் ஒரு பிரார்த்தனைப் பத்தி மனுவில் இல்லாததால் போனது. விடுதலையை எதிர்த்து மேல்முறையீடு எழுதும் ஜூனியர்களிடம் நான் முதலில் பார்க்கச் சொல்வது கடைசிப் பக்கத்தைத்தான்.

எதிரே உட்கார்ந்திருப்பவர் இதையெல்லாம் கேட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் பேசாமல் இருப்பார். "அப்ப நான் என்னதானுங்கண்ணா சொல்றது?"

"கையெழுத்து உங்களுதுன்னு எல்லாருக்கும் தெரியும். எதுக்குக் கொடுத்தீங்க, எப்பக் கொடுத்தீங்க, அந்தக் கணக்கு முடிஞ்சுதா, முடிஞ்சதுக்கு ஒரு துண்டுச் சீட்டாவது இருக்குதா? நோட்டீசுக்குப் பதில் போட்டீங்களா?"

நோட்டீஸ் வந்ததே வீட்டில் யாரோ வாங்கி ஃப்ரிட்ஜ் மேல் வைத்ததாகச் சொல்வார். அப்புறம் யோசித்துவிட்டு, "டையிங்காரர்கூட ரெண்டாயிரத்துப் பதினெட்டு வரைக்கும் கணக்கு நோட்டு ஒண்ணு இருந்துச்சுங்க. கணக்கு எழுதற பையனைக் கேக்கோணும்" என்று எழுந்திருப்பார்.